பொருளை இழுக்கும் மந்திரத்துக்கு 800 ரூபாய் எதற்கு?

கேள்வி: கேரள எல்லையில் இருக்கும் கொழிஞ்சாம்பாறையிலிருந்து எழுதுகிறேன், அண்ணா. பழைய பிளேஸ்டேஷன் 4 ஒன்றும் ஸ்கைரிம் என்கிற வீடியோ ஆட்டத்தின் ஸ்பெஷல் எடிஷன் டிஸ்க்கும் வாங்கி ஆடுகிறேன். டெலிகினெசிஸ் மந்திரப் புத்தகம் ஒரு குகையில் கிடைத்தது, படித்தும்விட்டேன். பொருள் என்னை நோக்கி வருகிறது, ஆனால் பாதியில் விழுந்துவிடுகிறது, இல்லையென்றால் எங்கோ போய் மோதுகிறது. ஒயிட்ரன் நகரில் ஒரு கடைக்குள் நின்று வெள்ளிக் கோப்பையை இழுத்து எடுத்தேன், காவலர் பிடித்துக்கொண்டார். தூரத்திலிருந்து எடுத்தால் திருட்டு இல்லை என்று சொன்னார்களே? டிஸ்க் விற்ற பொள்ளாச்சிக்காரரிடம் கேட்டால், "டிஸ்க்கில் கோளாறு. 800 ரூபாயும் உன் பிளேஸ்டேஷன் ஐடி, பாஸ்வேர்டும் கொடு, எல்லா மந்திரமும் முழு பலத்தில் இருக்கும் சேவ் (ஆடிச் சேமித்த பதிவு) போட்டுத் தருகிறேன்" என்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதே தம்பி. உன் டிஸ்க்கில் ஒரு கோளாறும் இல்லை. டிஸ்க் கெட்டிருந்தால் ஆட்டமே ஏறாது, ஏறினாலும் நடுவில் நிற்கும். ஒரே ஒரு மந்திரத்தை மட்டும் பார்த்துப் பலவீனமாக்குகிற கீறல் எந்த டிஸ்க்கிலும் விழாது. இதைச் சொன்னவருக்கும் அது தெரியும்.

உனக்குத் தீர்ந்துபோவது மேஜிக்கா, அதாவது மந்திரம் போடும் சக்தி, திரையின் அடியில் இருக்கிற அந்த நீலக் கோடு. நெருப்புருண்டை மாதிரி மந்திரங்களுக்கு ஒருமுறை வீசினால் ஒருமுறைதான் செலவு. டெலிகினெசிஸ் அப்படியில்லை. பொத்தானை அழுத்தியிருக்கிற நேரம் முழுக்க அது தின்றுகொண்டே இருக்கும். ஆட்டத் தொடக்கத்தில் உன்னிடம் இருப்பது 100 மேஜிக்கா (உயர் எல்ஃப் இனத்தைத் தேர்ந்தெடுத்திருந்தால் 150). கற்றுக்குட்டி ஒருவன் இந்த மந்திரத்தைப் பிடித்தால் அந்த 100 கண் சிமிட்டும் நேரத்தில் காலி. கோடு காலியானதும் பிடி விட்டுப்போகும், பொருள் தரையில் கிடக்கும். பாதி வழியில் விழுவது இதனால்தான்.

எங்கோ போய் மோதுகிறது என்றாயே, அது நீ பொத்தானை விடுவதால். விட்டால் எறிதல் என்று அர்த்தம். பொருள் வந்து முகத்துக்கு நேரே மிதக்கும்வரை அழுத்திய விரலை எடுக்காதே. மிதக்கும்போதே இன்னொரு விரலால் எக்ஸ் பொத்தானைத் தட்டு, பைக்குள் போய்விடும். இவ்வளவுதான் வித்தை. ஆட்டத்தைச் செய்தவர்கள் இதை ஒரே ஒரு வரி விளக்கத்தில் சொல்லிவிட்டுப் போய்விட்டார்கள். 2011-இல் வந்த ஆட்டம், 2016-இல் ஸ்பெஷல் எடிஷன், 2021-இல் ஆனிவர்சரி எடிஷன் என்று மறுபடி மறுபடி விற்றார்கள். அந்த ஒரு வரியை இரண்டு வரியாக்க மட்டும் யாருக்கும் மனசு வரவில்லை. அந்த இடைவெளியில்தான் இந்த மாதிரி ஆட்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்கிறார்கள்.

சரி, மேஜிக்காவை நீட்டுவது எப்படி? இது ஆல்ட்ரேஷன் வகை மந்திரம், அதிலும் அடெப்ட் என்கிற நடு நிலை. ஆல்ட்ரேஷன் திறமை ஏற ஏறச் செலவு தானாகக் குறையும். அதோடு திறன் மரத்தில் நோவிஸ், அப்ரென்டிஸ், அடெப்ட் என்று வரிசையாகப் புள்ளி போடு. அடெப்ட் புள்ளிக்கு ஆல்ட்ரேஷன் 50 இருக்க வேண்டும், போட்டதும் செலவு பாதியாகும். உன் திறமை அங்கே வரவில்லை என்றால் வடகிழக்கில் விண்டர்ஹோல்ட் கல்லூரிக்குப் போ. பாலத்தின் முன்னால் ஃபரால்டா என்கிற பெண் ஒரு மந்திரம் செய்துகாட்டச் சொல்வாள். அது உனக்குத் தெரியாவிட்டால் அவளே 30 தங்கத்துக்கு விற்பாள். உள்ளே டால்ஃப்திர் என்கிற கிழவர் ஆல்ட்ரேஷன் சொல்லித்தருவார், காசுக்குத்தான். நீ ஒரு நிலை ஏறுவதற்குள் ஐந்து பாடத்துக்கு மேல் யாரும் எடுக்க மாட்டார்கள். நிலை ஏறும்போதெல்லாம் மேஜிக்காவைத் தேர்ந்தெடுத்தால் 10 கூடும். ஆல்ட்ரேஷன் அங்கி ஒன்று கிடைத்தால் போட்டுக்கொள். செலவையும் குறைக்கும், நீலக் கோட்டையும் சீக்கிரம் நிரப்பும். கனமான கவசத்தோடு அதைப் போட முடியாது என்பது வேறு கதை.

பின்னால் என்சான்டிங், அதாவது பொருளில் மந்திர சக்தி ஏற்றும் திறமையை 100 வரை கொண்டுபோய், அதற்கான புள்ளிகளையும் போட்டால், தலைக்கு, உடம்புக்கு, மோதிரத்துக்கு, சங்கிலிக்கு என்று நான்கிலும் ஆல்ட்ரேஷன் செலவை 25 சதவீதம் குறைக்கும் சக்தியை ஏற்றலாம். நான்கும் சேர்ந்தால் செலவே இல்லை. நாள் முழுக்கக் கோப்பையை மிதக்கவிட்டுக்கொண்டு நடக்கலாம். அது வரைக்கும் மேஜிக்கா மருந்துக் குப்பி நாலைந்து பையில் இருக்கட்டும்.

டெலிகினெசிஸ் ஆட்களை இழுக்காது, மேஜை நாற்காலியை அசைக்காது. திரை நடுவில் இருக்கும் குறியை வைத்தால் பெயர் காட்டுகிற, கையில் எடுக்கக்கூடிய பொருள்தான் வரும்.

இப்போது அந்த வெள்ளிக் கோப்பை. தூரத்திலிருந்து இழுத்தால் திருட்டாகாது என்று உனக்குச் சொன்னவர் யாரோ தெரியாது, ஆனால் நிறையப் பேர் நம்புகிற கதை இது. குறியை வைக்கும்போது எழுத்து சிவப்பாக வந்தால் அந்தப் பொருளுக்கு உரிமையாளர் இருக்கிறார். அதை நீ கையால் எடுத்தாலும் சரி, கடையின் மறுகோடியிலிருந்து மந்திரத்தால் எடுத்தாலும் சரி, பைக்குள் போகிற நொடியில் அது திருட்டு. யாராவது பார்த்திருந்தால் உன் தலைக்கு விலை விழும். மந்திரம் தூரத்தைத்தான் குறைக்கிறது, சாட்சியை மறைப்பதில்லை. குனிந்தால் திரை நடுவில் ஒரு கண் தெரியும். அது முழுக்க மூடியிருக்கும்போது எடுத்தால் காவலர் வர மாட்டார். அப்போதும் பொருள் திருட்டுப் பொருள்தான். சாதாரணக் கடைக்காரர் வாங்க மாட்டார், ரிஃப்டனில் திருடர் சங்கத்தில் சேர்ந்தால் அங்கே டொனிலியா வாங்குவாள். நீ கீழே போட்டுத் திரும்ப எடுத்தாலும், அலமாரியில் வைத்து எடுத்தாலும் அந்தத் திருட்டு முத்திரை அழியாது. வெள்ளை எழுத்தில் வரும் பொருளை மட்டும் இழுத்துப் பழகு, முதல் ஒரு வாரத்துக்குப் போதும்.

அப்புறம் ஒன்று. ஸ்கைரிம் நாடு ஒன்பது வட்டாரங்களாகப் பிரிந்து கிடக்கிறது. ஒயிட்ரனில் உன் தலைக்கு விழுந்த விலை ஃபால்க்ரீத்தில் செல்லாது. வேலந்தாவளம் செக்போஸ்ட்டைத் தாண்டிவிட்டால் கேஸ் போச்சு என்று நம் பக்கத்தில் சிலர் நினைப்பார்களே, அந்த நினைப்பு ஆட்டத்துக்குள் பலிக்கும். வெளியே பலிக்காது. உன் பொள்ளாச்சிக்காரர் விஷயத்தில் இது முக்கியம், சொல்கிறேன்.

அவர் சேவ் விற்கவில்லை, உன் கணக்கைக் கேட்கிறார். பிளேஸ்டேஷன் 4-இல் சேவ் அந்தந்தக் கணக்கோடு கட்டப்பட்டது. இன்னொருவர் கணக்கில் ஆடிய சேவை யுஎஸ்பியில் கொண்டுவந்து உன் கணக்கில் திறக்க முடியாது. அதனால்தான் பாஸ்வேர்டு கேட்கிறார். கொடுத்தால் முதல் காரியமாக மின்னஞ்சல் முகவரியை மாற்றுவார், பிறகு பாஸ்வேர்டை மாற்றுவார். அதன்பின் அந்தக் கணக்கு உன்னுடையது என்று நிரூபிக்கிற பாடு உன்னுடையது. வாங்கிய ஆட்டம், சேர்த்த சேவ், அட்டை விவரம் எல்லாம் அங்கே கிடக்கும். ஏற்கெனவே கொடுத்துத் தொலைத்திருந்தால் இப்போதே பாஸ்வேர்டை மாற்று, எல்லாக் கருவிகளிலிருந்தும் வெளியேறு, இரண்டடுக்குச் சரிபார்ப்பைப் போடு. இன்னும் கொடுக்கவில்லை என்றாலும் அந்தச் சரிபார்ப்பைப் போட்டுவை.

இதே ஆட்கள் அடுத்து விற்பது கூடுதல் பகுதிகள். டான்கார்ட், ஹார்த்ஃபயர், டிராகன்பார்ன் மூன்றும் தனித்தனியாக 300, 400 என்பார்கள். ஸ்பெஷல் எடிஷன் டிஸ்க்கிலேயே மூன்றும் இருக்கின்றன. உன்னிடம் இருப்பதையே உனக்கு விற்கிறார்கள்.

மூன்றாவது ரகம், "பணத்தைத் திருப்பி அனுப்புகிறேன், இந்தக் க்யூஆரை ஸ்கேன் செய்து பின் நம்பரைப் போடு" என்பவர்கள். யுபிஐயில் பணம் வாங்குவதற்கு பின் நம்பர் தேவையே இல்லை. பின் நம்பர் கேட்டால் போகப்போவது உன் பணம்.

பணம் போய்விட்டால் சைபர் மோசடி உதவி எண்ணான 1930-க்கு உடனே கூப்பிடு. எவ்வளவு சீக்கிரம் சொல்கிறாயோ அவ்வளவுக்குப் பணம் நின்ற இடத்தில் முடக்கப்பட வாய்ப்பு. ஸ்டேஷனுக்குப் போனால், இங்கே "விற்றவர் தமிழ்நாடு, அங்கே போ" என்பார்கள், அங்கே போனால் "நீ கேரளா, அங்கே கொடு" என்பார்கள். எல்லைக்காரனுக்கு இது பழகிப்போன பேருந்துப் பயணம். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 173-ஆம் பிரிவு, குற்றம் எந்த எல்லைக்குள் நடந்தாலும் தகவலைப் பதிவு செய்ய வேண்டும் என்கிறது. பெயர் வாயில் நுழையவில்லை என்றால் "173, ஜீரோ எஃப்ஐஆர்" என்று மட்டும் சொல், புரிந்துகொள்வார்கள். எழுத்தில் கொடு, கையெழுத்தோடு நகல் வாங்கு. பெரியவர் யாராவது கூட வந்தால் வேலை சீக்கிரம் நடக்கும், அதுவும் நம் ஊர் நடைமுறைதான்.

கடைசியாக, எறிந்து எதிரியைக் கொல்லலாமா என்று கடித ஓரத்தில் கேட்டிருக்கிறாய். கொல்ல ஆசைப்படாதே. சண்டையில் மேஜிக்கா நிரம்புவது இன்னும் மெதுவாகும். அந்த நீலத்தை நெருப்புக்கோ மின்னலுக்கோ வைத்துக்கொள்.