மீன் தொட்டிக்குள் பெயிண்ட் அடித்த பானை வைக்கலாமா?

கேள்வி: எங்கள் வீட்டு மூன்றடித் தொட்டியில் தங்கமீன்கள் வளர்க்கிறோம். சிறிய மண்பானைக்குச் சுவர் பெயிண்ட் அடித்து உள்ளே வைக்க ஆசை. ராமேஸ்வரத்தில் வாங்கிய சங்கு, சிப்பிகளையும் போடலாமா?

பதில்: பானையைத் தாராளமாக வையுங்கள், பெயிண்ட் மட்டும் வேண்டாம்.

'ஈயம் இல்லாத பெயிண்ட்' என்று கடையில் சொல்லியிருப்பார்கள். வீட்டுப் பெயிண்டில் ஈயம் 90 பிபிஎம்மை, அதாவது பத்து லட்சம் பங்கில் 90 பங்கைத் தாண்டக் கூடாது என்று 2016-இல் விதி வந்தது உண்மைதான். ஆனால் அது மனிதர்களை மனதில் வைத்து வந்த விதி. மழையில் பாசி பிடிக்காமலிருக்க வெளிச்சுவர் பெயிண்டில் பூஞ்சைக்கொல்லியும் பாசிக்கொல்லியும் சேர்க்கிறார்கள். அந்தத் தண்ணீரிலேயே இரவும் பகலும் மூச்சுவிடும் மீனுக்கு அவை நஞ்சு.

இன்னொரு சிக்கல், மண்பானை தண்ணீரை உறிஞ்சும். ஈரம் உள்ளிருந்து தள்ளத் தள்ள, பெயிண்ட் கொப்பளித்து உரியும். உங்கள் தங்கமீனைச் சிறிது நேரம் கவனியுங்கள்: அடியில் கிடக்கும் கல்லை வாயில் எடுக்கும், உருட்டும், துப்பும். உரிந்த பெயிண்டையும் அப்படியே வாயில் எடுக்கும். வண்ணக் கற்களுக்கும் இதே எச்சரிக்கைதான். ஈரத்தோடு வெள்ளைத் துணியில் தேய்த்துப் பாருங்கள். சாயம் ஒட்டினால் வேண்டாம்.

வண்ணம் வேண்டுமென்றால் தொட்டியின் பின்பக்கக் கண்ணாடியில், வெளிப்புறமாக அடியுங்கள். கறுப்பு அடித்தால் மீனின் ஆரஞ்சு நிறம் எடுப்பாகத் தெரியும். தொட்டி காலியாக இருக்கும்போது அடித்து, வாடை முழுவதும் போன பிறகே தண்ணீர் நிரப்புங்கள். ஓடும் தொட்டியின் அருகே பெயிண்ட் அடித்தால், காற்று மோட்டார் அந்த வாடையை இழுத்துத் தண்ணீருக்குள் விட்டுவிடும். தொட்டியைக் காலிசெய்ய மனமில்லையென்றால் பின்னால் கறுப்புச் சார்ட் தாளை ஒட்டினாலே போதும்.

சங்கின் மீது ஒரு சொட்டு வினிகர் விடுங்கள், நுரைக்கும். அது சுண்ணாம்பு, மெல்லக் கரைந்து தண்ணீரின் கடினத்தன்மையைக் கூட்டும். தங்கமீன் அதைத் தாங்கும், ஒன்றிரண்டு போடலாம். நியான் டெட்ரா போன்ற, கடினத்தன்மை குறைந்த தண்ணீரை விரும்பும் மீன்களை வளர்ப்பவர்கள் தவிர்க்க வேண்டும். பளபளவென்று வார்னிஷ் பூசியவை யாருக்கும் ஆகாது. சங்கின் சுருளுக்குள் பழைய சதை ஒட்டியிருந்தால் அழுகி அம்மோனியாவைக் கூட்டும், முகர்ந்து பாருங்கள். சிப்பியின் ஓரம் விரலில் கீறினால் துடுப்பையும் கிழிக்கும், உப்புத்தாளால் தேய்த்துவிடுங்கள்.

எதைப் போடுவதானாலும் ஒரு வாரம் வாளித் தண்ணீரில் ஊறவைத்துப் பாருங்கள். வாடையோ எண்ணெய்ப் படலமோ நிறமோ தெரிந்தால் ஒதுக்கிவிடுங்கள். ஆனால் உலோகம் கரைவது கண்ணுக்குத் தெரியாது. அதனால் பித்தளை, செம்புப் பொருள்களை இந்தச் சோதனைக்கே கொண்டுவராதீர்கள்.