டீகாக்கரைக் கழற்றிவிட்டு மேனுவல் சேப்டி மாட்டலாமா? மாட்டும் முன் பார்க்க வேண்டியவை

கேள்வி இதுதான்: அப்பா பெயரிலிருந்து உங்கள் பெயருக்கு லைசென்ஸ் மாறிய .32 பிஸ்டல். ஏறி நிற்கும் ஹேமரை (பின்னால் இருக்கும் சுத்தியலை) சுடாமல் இறக்கும் டீகாக்கர் லீவர் மட்டும்தான் இருக்கிறது. ட்ரிகரை இழுத்தாலும் சுடாதபடி கையால் பூட்டும் மேனுவல் சேப்டி லீவரை வெளிநாட்டுத் தளத்தில் வாங்கி, ஓசூரில் தெரிந்த பட்டறையில் மாட்டிக்கொள்ளலாமா?

நேரடிப் பதில்: இந்த வழியில் கூடாது. சில மாடல்களில் மாற்றம் சாத்தியம்தான், ஆனால் அதைச் செய்ய வேண்டியவர் லைசென்ஸ் உள்ள ஆர்மரர், அதாவது துப்பாக்கி பழுதுபார்ப்பவர். துப்பாக்கியைப் பற்றித் தமிழில் எழுதினாலே "ஆசையைத் தூண்டுகிறீர்கள்" என்று சண்டைக்கு வருவார்கள் என்பது தெரியும். சட்டப்படி வைத்திருப்பவருக்கு அதன் உள்ளே என்ன நடக்கிறது என்று தெரியாமல் இருப்பதுதான் வீட்டுக்கு ஆபத்து. அதனால் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் உங்களிடம் இருப்பது என்ன என்று பாருங்கள். மேகசினைக் கழற்றுங்கள். ஸ்லைடை (மேலே நகரும் பாகத்தை) பின்னுக்கு இழுத்து, தோட்டா உட்காரும் சேம்பர் காலியா என்று கண்ணால் பாருங்கள், சுண்டுவிரலை விட்டும் தடவிப் பாருங்கள். தோட்டாக்கள் அந்த அறையிலேயே இருக்கக் கூடாது. பிறகு, சுவருக்கு அப்பால் ஆள் இல்லாத பக்கம் முனையைத் திருப்பி, ஹேமரை ஏற்றி, லீவரைக் கீழே தள்ளுங்கள். ஹேமர் விழுந்தபின் கையை எடுத்ததும் லீவர் தானாக மேலே வந்துவிட்டால் அது பெரும்பாலும் வெறும் டீகாக்கர். கீழேயே நின்றுவிட்டால் அது டீகாக்கரும் சேப்டியும் சேர்ந்தது. நீங்கள் மாட்ட நினைக்கும் மேனுவல் சேப்டி ஏற்கெனவே உங்கள் கையில் இருக்கிறது என்று பொருள். 1929-இல் வந்த வால்தர் பிபி இந்த இரண்டாவது வகை: லீவரை இறக்கினால் உள்ளே ஓர் உருளை திரும்பி, தோட்டாவைக் குத்தும் ஊசியான ஃபயரிங் பின்னைப் பூட்டும், அதன் பிறகே ஹேமர் விழும். நம் ஊரில் பழைய .32 வைத்திருக்கும் பலர் இதை வெறும் டீகாக்கர் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். உங்களுடையதும் இந்த வகையாக இருந்தால் மாற்றம் என்ற பேச்சே தேவையில்லை.

வெறும் டீகாக்கர்தான் என்றால், மாற்ற முடியுமா என்பது அந்த மாடலின் வடிவமைப்பைப் பொறுத்தது. தயாரிப்பாளரே இரண்டுக்கும் இடம் வைத்துச் செய்த மாடல்கள் உண்டு. சிஸட் பி-07, பி-09 இரண்டிலும் டீகாக்கரைக் கழற்றி சேப்டி மாட்டுவதற்கான பாகங்கள் பெட்டியிலேயே வரும். எச்.கே. யூ.எஸ்.பி-யில் லீவர் எந்தெந்த நிலையில் நிற்க வேண்டும் என்பதைத் தீர்மானிப்பது உள்ளே இருக்கும் சின்னத் தகடு. அதில் பள்ளம் எங்கே வெட்டியிருக்கிறதோ அங்கேதான் லீவர் நிற்கும். வேரியன்ட் 1 என்றால் சேப்டியும் டீகாக்கரும், 3 என்றால் டீகாக்கர் மட்டும், 9 என்றால் சேப்டி மட்டும். இவை பெரும்பாலும் 9 எம்.எம். போன்ற குழல் அளவுகளில் வருபவை, நம் நாட்டுச் சாதாரண லைசென்ஸில் 9 எம்.எம். கிடைக்காது. எப்படி வடிவமைத்தால் மாற்றம் சுலபம் என்று புரிவதற்காகவே சொல்கிறேன்.

அடுத்தது, பெயர் ஒன்றாக இருந்தும் உடல் வேறாக இருப்பவை. சிஸட் 75 பி-யில் சேப்டி, 75 பிடி-யில் டீகாக்கர். பார்க்க அண்ணன் தம்பி போல இருக்கும். ஆனால் ஃப்ரேமுக்குள் வெட்டு வேறு, ஹேமரை ஏற்றிப் பிடித்து நிறுத்தும் சியர் பகுதி வேறு. ஒன்றின் லீவரை மற்றதில் திணித்தால் உட்காருவது போலத் தெரியும், வேலை செய்யாது. பெரெட்டா 92 போல லீவர் ஸ்லைடில் இருப்பவை தனி. அங்கே எஃப்.எஸ். மாடலில் சேப்டியும் சேர்ந்தே இருக்கிறது, ஜி மாடலில் டீகாக்கர் மட்டும். ஜி மாடலாக்குவதற்குத்தான் கிட் விற்கிறார்கள். அதாவது, அந்த மாடல் வைத்திருப்பவர்கள் நீங்கள் கேட்பதற்கு நேரெதிர் திசையில் மாற்றிக்கொள்கிறார்கள். ஏன் என்பது இந்தப் பதிலிலேயே முக்கியமான விஷயம்.

சேம்பரில் தோட்டா இருக்கிறது, ஹேமர் ஏறியிருக்கிறது, சுடத் தேவையில்லை, ஹேமரை இறக்க வேண்டும் என்று வையுங்கள். டீகாக்கர் இருந்தால் லீவரை அழுத்துகிறீர்கள். ட்ரிகரைத் தொடுவதே இல்லை. ட்ரிகர் இழுபடாதவரை, ஃபயரிங் பின் பிளாக் உள்ள துப்பாக்கியில் அந்தப் பிளாக் தன் இடத்திலேயே பின்னைத் தடுத்து நிற்கும். ஹேமர் வேகமாக விழுந்தாலும் பின் முன்னால் போகாது.

டீகாக்கரைக் கழற்றி வெறும் சேப்டி மாட்டிய துப்பாக்கியில் இதே வேலைக்கு என்ன செய்வீர்கள்? சேப்டியை விடுவித்து, கட்டைவிரலால் ஹேமரைப் பிடித்துக்கொண்டு ட்ரிகரை இழுத்து, மெதுவாக இறக்க வேண்டும். ட்ரிகரை இழுத்த கணத்திலேயே பின் பிளாக் மேலே தூக்கப்பட்டுவிடுகிறது. அப்போது தோட்டாவுக்கும் ஹேமருக்கும் நடுவில் உள்ள ஒரே தடை உங்கள் கட்டைவிரல். எண்ணெய்க் கை, வியர்வை, கொஞ்சம் அவசரம், எது இருந்தாலும் வெடிக்கலாம். மேனுவல் சேப்டி கேட்பவர்களில் பலர் இந்த ஒரு நிமிடத்தை யோசிப்பதே இல்லை.

எனவே சேப்டி மட்டும் உள்ள துப்பாக்கியில் தோட்டா உள்ள சேம்பர் மீது ஹேமரை இறக்கவே கூடாது. மேகசினைக் கழற்று, ஸ்லைடை இழுத்துத் தோட்டாவை வெளியே எடு, காலி என்று உறுதி செய், அதன் பிறகுதான் ஹேமரை இறக்க வேண்டும். வேறு வரிசையே கிடையாது.

இன்னொன்று: டீகாக்கர் வைத்த துப்பாக்கியில் முதல் ட்ரிகர் நீளமானது, பொதுவாக 4.5 முதல் 5.5 கிலோ வரை இழுக்க வேண்டும். அந்தக் கனமே ஒரு காவல். ஹேமர் ஏறிய நிலையில் அது சுமார் 2 கிலோதான். சேப்டி போட்டு ஹேமரை ஏற்றியே வைத்திருந்தால், லீவர் ஒன்று இடுப்பு உறையில் உரசிக் கீழே போனாலே போதும், 2 கிலோ ட்ரிகரோடு நடக்கிறீர்கள். உங்கள் நிலைமை என் கணிப்பில் இது: துப்பாக்கி வீட்டு பீரோவில் இருக்கிறது, எப்போதாவது தோட்டத்துக்கு எடுத்துப் போகிறீர்கள். அப்படியானால் சேம்பரைக் காலியாக வையுங்கள். சேம்பர் காலியாக இருக்கும் துப்பாக்கியில் டீகாக்கரா சேப்டியா என்ற கேள்விக்கே வேலை இல்லை.

இப்போது பட்டறை விஷயம். ஓசூர் சிப்காட்டில் பத்து மைக்ரான் துல்லியத்துக்கு எதையும் கடைந்து கொடுக்கும் டூல் ரூம்கள் உண்டு என்பது எனக்கும் பெருமைதான். ஆனால் அளவு சரியாக இருப்பது மட்டும் போதாது. லீவரின் தண்டு சியரைத் தாங்கும் இடம் கடினமாக்கப்பட்ட முகம். வெப்பப் பதம் தவறினால் முதல் சில நாள் சரியாக நிற்கும், பிறகு முகம் மழுங்கி சியருக்கு இடம் கொடுக்கும். வெளியிலிருந்து பார்த்தால் தெரியவே தெரியாது.

அதைவிடப் பெரியது சட்டம். 1959 ஆயுதச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு, உரிமம் இல்லாமல் ஆயுதத்தை உருவாக்குவது, விற்பது மட்டுமல்ல, மாற்றியமைப்பதையும் பழுதுபார்ப்பதையும் தடுக்கிறது. 2019 திருத்தத்துக்குப் பிறகு இதற்குத் தண்டனை குறைந்தது 7 ஆண்டு, ஆயுள் வரை போகலாம். பட்டறைக்காரர் உங்கள் நண்பராகவே இருக்கட்டும், அவரையும் சேர்த்து மாட்டிவிடுகிறீர்கள். வெளிநாட்டிலிருந்து "வெறும் லீவர்தானே" என்று வரவழைப்பதும் அப்படித்தான். அந்தச் சட்டத்தில் ஆயுதம் என்றால் அதன் பாகங்களும் சேர்த்தி. பார்சல் சுங்கத்தில் நின்றால் அது உரிமம் இல்லாத ஆயுத இறக்குமதி.

சரி, மாடல் இடம் கொடுக்கிறது, முறையான ஆர்மரரிடமே கொடுக்கிறீர்கள். கிளம்பும் முன் லைசென்ஸில் செல்லுபடியாகும் எல்லை என்னவென்று பாருங்கள். தமிழ்நாடு மட்டும் என்று இருந்தால் பெங்களூருக்குக் கொண்டு போகக் கூடாது. ஓசூரிலிருந்து கர்நாடக எல்லையில் உள்ள அத்திப்பள்ளி கூப்பிடு தூரம்தான், ஆனால் எல்லையைத் தாண்டினால் நீங்கள் லைசென்ஸ் இல்லாதவர். சென்னைக்கோ கோவைக்கோ போங்கள். 2004-க்கு முன் எடுத்த பழைய லைசென்ஸ் என்றால் கிருஷ்ணகிரி தனி மாவட்டமாகும் முன் தர்மபுரியில் பதிவானதாக இருக்கும், அந்த விவரங்கள் எல்லாம் சரியாக மாறியிருக்கின்றனவா என்றும் ஆட்சியர் அலுவலகத்தில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். ஸ்லைடையே மாற்றச் சொன்னால் ஒப்புக்கொள்ளும் முன் அதில் எண் பொறித்திருக்கிறதா என்று கேளுங்கள். லைசென்ஸில் உள்ள எண்ணும் துப்பாக்கியில் உள்ள எண்ணும் ஒத்துப்போகாவிட்டால் அடுத்த ஆய்வில் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள்.

ஆர்மரர் வேலையில் எங்கே தவறு வரும்? லீவரைத் தாங்கும் குட்டி ஸ்ப்ரிங்கும் அதன் முனையில் உள்ள ஊசியும் கழற்றும்போது தெறித்து ஓடும். கவனமுள்ளவர் ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் பைக்குள் வைத்துக் கழற்றுவார். தொலைந்த ஸ்ப்ரிங்குக்குப் பதிலாகப் பேனா ஸ்ப்ரிங்கை வெட்டிப் போடுபவரிடம் துப்பாக்கியைத் திரும்பக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். பாகத்தைப் பிடித்து நிறுத்தும் ரோல் பின்னைக் கழற்றி, அதையே மறுபடி அடிப்பதும் தவறு, அது பிடிப்பை இழந்திருக்கும். லீவர் உட்காரவில்லை என்று சியரையோ ஹேமர் பள்ளத்தையோ அரம் போட்டுத் தேய்ப்பது எல்லாவற்றிலும் மோசம். தேய்க்க வேண்டுமானால் புது லீவரைத்தான் தேய்க்க வேண்டும். லீவர் கெட்டால் மாற்றலாம், சியர் முகம் போனால் ஹேமர் தானாக விழும் துப்பாக்கியைச் சுமப்பீர்கள்.

வாங்கும்போது அவர் முன்னாலேயே, தோட்டா இல்லாமல், இவற்றைச் செய்து பாருங்கள். ஹேமரை ஏற்றி சேப்டி போட்டு, ட்ரிகரை வழக்கத்தைவிட அழுத்தி இழுங்கள். ஹேமர் அசையக் கூடாது. ட்ரிகரை விட்டுவிட்டு, விரலை வெளியே எடுத்தபின் சேப்டியை விடுவியுங்கள். அப்போதும் ஹேமர் விழக் கூடாது. இதில் மட்டும் தேறினால் போதும் என்று பலர் நிறுத்திவிடுகிறார்கள். அடுத்ததுதான் நுணுக்கம்: துப்பாக்கியைக் காதருகே கொண்டுபோய், ஹேமரைக் கட்டைவிரலால் மெல்லப் பின்னுக்கு இழுங்கள். மெல்லிய 'டிக்' கேட்டால், சேப்டி போட்டிருந்தபோதே சியர் கொஞ்சம் நகர்ந்திருக்கிறது, இப்போதுதான் பழைய இடத்துக்குத் திரும்புகிறது. அந்தச் சேப்டி தேறவில்லை. சத்தமே வரக் கூடாது.

பிறகு லீவரைப் பாதியில் நிறுத்திப் பாருங்கள். நல்ல வேலையாக இருந்தால் அது பாதியில் நிற்காது, ஏதாவது ஒரு பக்கம் துள்ளிப் போகும். கடைசியாக, டம்மி ரவுண்டு (வெடிமருந்து இல்லாத போலித் தோட்டா) போட்ட மேகசினுடன் ஸ்லைடை இழுத்து விடுங்கள். ஹேமர் ஏறியே நிற்க வேண்டும், ஸ்லைடோடு சேர்ந்து கீழே வரக் கூடாது.

கேள்விக்குச் சம்பந்தம் இல்லை என்றாலும் ஒன்று சொல்லியே ஆக வேண்டும். ஒவ்வொரு தேர்தலுக்கும் துப்பாக்கியை ஸ்டேஷனில் ஒப்படைக்கச் சொல்கிறார்கள். யாரிடம் வாங்க வேண்டும் என்று ஆளைப் பார்த்துப் பரிசீலிக்க ஒரு குழு இருக்க வேண்டும் என்பது விதி. நடைமுறையில் பட்டியலில் உள்ள எல்லாருக்கும் ஒரே போன் வருகிறது. தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டிப் பக்கம் காட்டோரத்தில் இருப்பவனுக்கும் அதே. கொடுத்த பிறகு அது துணிச் சுற்றோடு ஈரமான அறையில் கிடக்கிறது. திரும்பி வரும்போது லீவர் அச்சில் துரு ஏறி, இறுகி நிற்கிறது. லைசென்ஸ் உள்ளவன் விதியை மதித்துக் கொடுக்கிறான். அவன் பொருளை எண்ணெய் போட்டு வைத்துக் கொடுக்கும் மரியாதையாவது இருக்க வேண்டாமா? லீவர் கடினமாக இருக்கிறது, மாற்றலாமா என்று கேட்பவர்களில் பாதிப்பேருக்குத் தேவை சுத்தமும் இரண்டு சொட்டு எண்ணெயும்தான்.

உங்களுடையதும் அப்படியா என்று தெரியவில்லை. ஸ்லைடில் பொறித்த மாடல் பெயரையும், லீவர் கீழே தள்ளினால் நிற்கிறதா திரும்புகிறதா என்பதையும் பின்னூட்டத்தில் எழுதுங்கள், மேலே சொன்னவற்றில் எது பொருந்தும் என்று சொல்கிறேன். துப்பாக்கி எண்ணையும் லைசென்ஸ் படத்தையும் மட்டும் பொதுவில் போட்டுவிடாதீர்கள்.