விருப்பம் கேட்டார்கள், உரிமை தரவில்லை

கேள்வி: ஆந்திரம் பிரிந்தபோது என் கணவர் ஹைதராபாத் தலைமைச் செயலகத்தில் வேலையில் இருந்தார். விருப்பப் படிவத்தில் தெலங்கானா என்று எழுதியும் ஆந்திரத்துக்கு ஒதுக்கிவிட்டார்கள். கோர்ட்டில் தடை வாங்கி இங்கேயே பல வருடமாக வேலை பார்க்கிறார். இனியும் அனுப்பிவிடுவார்களா?
– பெயர் வேண்டாம், ஹைதராபாத்

பதில்: அனுப்பலாம். தடையில் கழிந்த வருடங்களை நம்பி இருக்காதீர்கள். தெலங்கானா தலைமைச் செயலாளராக இருந்த சோமேஷ் குமார் கதை தெரிந்ததுதானே. ஆந்திரத்துக்கு ஒதுக்கப்பட்டவர் அவர். 2016-இல் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் (பணி வழக்குகளை விசாரிக்கும் அமைப்பு) அவருக்குச் சாதகமாகச் சொன்னது. 2023 ஜனவரி 10-இல் தெலங்கானா உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஒதுக்கீட்டை அப்பீல் போல எடுத்து மாற்றுவது தீர்ப்பாயத்தின் வேலை இல்லை என்பதுதான் சாரம். அத்தனை வருடம் இங்கே பணியாற்றியது அவரைக் காப்பாற்றவில்லை.

அவர் ஐ.ஏ.எஸ். உங்கள் கணவர் மாநிலப் பணி. உங்கள் கணவருக்கு 2014-ஆம் ஆண்டு ஆந்திர மறுசீரமைப்புச் சட்டத்தின் 77-ஆவது பிரிவு. விருப்பத்தைப் பரிசீலித்து மத்திய அரசு முடிவெடுக்கும் என்கிறது அது; பரிசீலிக்க வேண்டும், அவ்வளவுதான். ஆகவே ‘தெலங்கானாதான் வேண்டும்’ என்று மட்டும் எழுதிய மனு நிற்காது. ஊழியர்களை ஒதுக்குவதற்கான வழிகாட்டு விதி எங்கே மீறப்பட்டது என்று காட்ட வேண்டும்.

அதற்கு முதல் வேலை, தகவல் உரிமைச் சட்டத்தில் அவருடைய கேடரின் (பணிப்பிரிவின்) இறுதி ஒதுக்கீட்டுப் பட்டியலையும், 2014 ஜூன் 1 அன்றைய சீனியாரிட்டி பட்டியலையும், தற்காலிகப் பட்டியலுக்கு அவர் கொடுத்த ஆட்சேபணை மீது எழுதிய குறிப்பையும் வாங்குவது. உதாரணத்துக்கு சீனியாரிட்டியில் அவர் 41-ஆவது ஆள், அதே விருப்பம் எழுதிய, அதே தகுதியுள்ள 58-ஆவது ஆள் தெலங்கானாவில் இருக்கிறார் என்றால், கையில் ஆயுதம் கிடைத்தது மாதிரி. கணவன் மனைவி இருவரும் அரசுப் பணி என்பது போன்ற காரணத்தை ஆட்சேபணையிலேயே எழுதியிருந்தாரா என்றும் பாருங்கள். அப்போது சொல்லாததை இப்போது கோர்ட்டில் புதிதாகச் சொன்னால் எடுபடுவது கஷ்டம்.

அந்த 58-ஆவது ஆளைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் விட்டால், ‘பாதிக்கப்படுபவரைக் கேட்காமல் எப்படி?’ என்று மனு அங்கேயே கவிழும். பலர் தவறுவது இங்கேதான். மத்திய அரசு, இரு மாநிலங்கள், மூவரையும் சேர்த்திருக்கிறார்களா என்றும் வக்கீலிடம் கேளுங்கள். ஜெயித்தாலும் பெரும்பாலும் கிடைப்பது ‘திரும்பப் பரிசீலி’ என்ற உத்தரவுதான். இடமாற்ற ஆணை இல்லை. அதனால் ‘அதுவரை விடுவிக்கக் கூடாது’ என்ற கோரிக்கையும் மனுவில் இருக்கட்டும்.

போக நேர்ந்தாலும் ஓர் ஆறுதல் உண்டு. 78-ஆவது பிரிவின்படி, மத்திய அரசின் முன் ஒப்புதல் இல்லாமல் பணி நிபந்தனைகளை அவருக்குப் பாதகமாக மாற்ற முடியாது.

கேள்வி: என் தம்பி மின்வாரிய ஊழியர். அவருக்கும் இதே பிரிவுதானா?
– வாசகர், சித்தூர்

பதில்: இல்லை. பொதுத்துறை நிறுவனங்களுக்கு 82-ஆவது பிரிவு. பங்கீட்டு முறையை அந்தந்த நிறுவனமே தீர்மானிக்க வேண்டும் என்கிறது. 2015-இல் தெலங்கானா மின் நிறுவனங்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களை ஒருதலையாக விடுவித்ததில்தான் சிக்கல் வெடித்தது. உச்ச நீதிமன்றம் 2018-இல் நீதிபதி தர்மாதிகாரியை நியமித்துப் பிரிக்கச் சொல்லி, 2020-இல் அவர் முடிவை ஏற்றது. தம்பியின் பெயர் அந்த முடிவில் உள்ள பட்டியலில் இருந்தால், புதிதாக வழக்குப் போட்டு வக்கீல் பீஸைத் தண்டமாக்க வேண்டாம்.

கேள்வி: பீகார் பிரிந்தபோது ஜார்க்கண்டுக்கு ஒதுக்கப்பட்ட எஸ்.சி. ஊழியருக்கு அங்கே இடஒதுக்கீடு உண்டா?
– வாசகர், ராஞ்சி

பதில்: உண்டு. 2021-இல் பங்கஜ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: இரண்டில் ஏதேனும் ஒரு மாநிலத்தில் கேட்கலாம், ஒரே நேரத்தில் இரண்டிலும் கூடாது.