செத்துக் காட்டுவது

அன்புள்ள ஐயா,

போன வாரம் 'தி லாஸ்ட் சாமுராய்' மறுபடி பார்த்தேன். கிராமத்தில் டாம் குரூஸ் எங்கே போனாலும் நாலடி தள்ளி ஒரு வயதானவர் பின்னாலேயே வருவார், வாயே திறக்க மாட்டார், பேர் சொல்லாததால் டாம் குரூஸே அவருக்கு 'பாப்' என்று பேர் வைத்துவிடுவார். அவர் யார் என்று தேடினேன். செய்சோ ஃபுகுமோதோ என்று வந்தது, கூடவே 'ஐம்பதாயிரம் தடவை வெட்டப்பட்டவர்' என்ற பட்டம். ஹீரோ கையால் வெட்டுப்பட்டுச் சாவதையே ஒருவர் நாற்பத்தைந்து வருஷம் வேலையாகச் செய்திருக்கிறார் என்று படித்ததும் மனசு கனத்துவிட்டது. அந்தக் கணக்கு உண்மையா? இதை நடிப்பு வாழ்க்கை என்று சொல்ல முடியுமா? நான் ஒரு அச்சகத்தில் 19 வருஷமாகப் புத்தகங்களுக்குப் பக்கம் வடிவமைக்கிறேன். எந்தப் புத்தகத்திலும் என் பேர் கிடையாது. அதனால்தான் கேட்கிறேனோ என்னவோ.

அன்புடன்,
ர.

அன்புள்ள ர.,

முதலில் கணக்கை முடித்துவிடுவோம். ஃபுகுமோதோ 1958-இல், பதினைந்து வயதில், கியோத்தோவின் உசுமாசா பகுதியில் இருக்கும் தோயே ஸ்டுடியோவில் சேர்ந்தார். 2003-இல் அறுபது வயதாகி ஓய்வு பெற்றார். 45 வருஷத்துக்கு 50,000 என்றால் ஞாயிற்றுக்கிழமைகூட விடாமல் நாளைக்கு மூன்று சாவு. யாரும் பக்கத்தில் நோட்டு வைத்துக்கொண்டு எண்ணியிருக்க மாட்டார்கள், அது ஒரு பட்டம், அவ்வளவுதான். ஆனால் ஒத்திகையையும் ரீடேக்கையும் சேர்த்துக்கொண்டால் ரொம்பப் பெரிய பொய் என்றும் சொல்ல மாட்டேன். இந்த வகை நடிகர் காலையில் ஒரு ரௌடியாகச் செத்துவிட்டு, விக்கை மாற்றிக்கொண்டு மத்தியானம் இன்னொரு கும்பலில் வந்து மறுபடி சாவார்.

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. அவர் நிறையத் தலைகாட்டிய டிவி தொடர்களில் ஒன்று 'அபாரென்போ ஷோகுன்', 1978-இல் தொடங்கியது. அதில் நாயகன் மாறுவேஷத்தில் ஊர் சுற்றும் ஷோகுன், அதாவது அந்தக் கால ஜப்பானின் ராணுவ ஆட்சித் தலைவர். கடைசிச் சண்டையில் கத்தியைப் புரட்டிப் பிடித்து, கூரில்லாத முதுகுப் பக்கத்தால்தான் அடிப்பார். ஆக அங்கே விழுகிற அடியாட்கள் சாகவே இல்லை, மயங்கித்தான் கிடக்கிறார்கள். கறாராகப் பார்த்தால் 50,000-த்தில் அதையெல்லாம் கழிக்க வேண்டும்!

அவர் சேர்ந்த வருஷத்தையும் கவனியுங்கள். ஜப்பானில் சினிமா பார்த்தவர்களின் எண்ணிக்கை உச்சத்தைத் தொட்டது அதே 1958-இல்தான், ஒரே வருஷத்தில் சுமார் 113 கோடி டிக்கெட். தோயே வாரத்துக்கு இரண்டு புதுப் படம் என்று தியேட்டர்களுக்கு அனுப்பிக்கொண்டிருந்த காலம், பாதிக்கு மேல் கத்திச்சண்டைப் படங்கள், வெட்டுவதற்கு ஆள் வேண்டாமா? அப்படி ஸ்டுடியோ வைத்திருந்த துணை நடிகர்களை 'ஓபெயா' நடிகர்கள் என்பார்கள். 'ஓபெயா' என்றால் பெரிய அறை. நட்சத்திரங்களுக்குத் தனித்தனி அறை, மற்ற நூற்றுக்கணக்கான பேருக்குப் பொதுவாக ஒரு பெரிய அறை, அந்த அறையின் பேரே அந்த மனிதர்களின் பேராகிவிட்டது. இதில் கலை, தவம் என்று நாம் உருகுவதற்கு முன்னால் ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும், அது ஸ்டுடியோ தனக்கு வசதியாக வைத்திருந்த ஏற்பாடு. வேலை நிச்சயம், சம்பளம் குறைவு, பல படங்களில் எழுத்து ஓடும்போது பேர் வராது. ஐந்தே வருஷத்தில் தியேட்டர் கூட்டம் பாதிக்குக் கீழே போனதும் ஸ்டுடியோ யகுஸா (ஜப்பானிய ரௌடிக் கும்பல்) படங்களுக்குத் தாவியது, அப்புறம் டிவி. பெரிய அறைக்காரர்களும் கூடவே தாவினார்கள், கிமோனோவைக் கழற்றிவிட்டுக் கோட்டு மாட்டிக்கொண்டு. 1973-இல் ஃபுகாசாகு கிஞ்சி எடுக்க ஆரம்பித்த யகுஸா வரிசையில் கூட்டத்தில் ஓடுகிறவர்களுக்கும் கேமரா நின்று முகம் காட்டும். அதிலும் இவர் உண்டு.

சரி, உங்கள் நிஜமான கேள்விக்கு வருகிறேன். இது நடிப்பா?

சண்டைக் காட்சியின் நடுவில் நிற்பவரை அங்கே 'ஷின்' என்பார்கள், நடுத்தண்டு மாதிரி. சுற்றிப் பாய்கிறவர்கள் 'கராமி', வந்து பின்னிக்கொள்கிறவர்கள். ஷின் கையில் இருப்பது பல நேரம் மூங்கிலில் செதுக்கி வெள்ளித்தாள் ஒட்டிய கத்தி, அது ஆள் மேல் படாமல்தான் போகிறது. வெட்டியதாக நமக்குத் தோன்றுவது எதனால்? வெட்டுப்பட்டவர் சொல்வதால். கத்தி கனமா, வீச்சு வேகமா, வெட்டியவர் பெரிய வீரரா என்பதையெல்லாம் சாகிறவரின் உடம்புதான் நமக்குச் சொல்கிறது. நட்சத்திரம் அன்றைக்குத் தூக்கக் கலக்கத்தில் கையை வீசியிருந்தாலும், எதிரே இருப்பவர் ஒழுங்காகச் செத்தால் அவர் வீரர்தான். இந்தத் துறையில் நடிப்பின் பெரும்பாலான பங்கை, என் கணக்கில் முக்கால் பங்கை, விழுகிறவர்தான் செய்கிறார்.

ஃபுகுமோதோவின் முத்திரை 'எபிசோரி', இறால் மாதிரி வளைவது. ஒரு காட்சியை மெதுவாக ஓட்டிப் பாருங்கள். கத்தி குறுக்கே போகிறது. அவர் உடனே விழுவதில்லை. அரை நொடி அப்படியே நிற்கிறார், என்ன நடந்தது என்று உடம்புக்கு இன்னும் சேதி போகாதது போல. கண் மேலே ஏறுகிறது. அப்புறம் இடுப்பிலிருந்து பின்பக்கமாக வளைய ஆரம்பிக்கிறார், தலை தொங்குகிறது, முதுகு வில்லாகிறது, இனி வளைய முடியாது என்று நமக்குத் தோன்றும் இடத்தையும் தாண்டி வளைந்து, கடைசியில்தான் தரைக்கு வருகிறார். முன்பக்கம் குப்புற விழுந்தால் கேமராவுக்கு முதுகு மட்டும்தான் தெரியும். பின்பக்கம் வளைந்தால் தலைகீழாகவாவது முகம் தெரியும். பேரே போடாத படத்தில், சாகிற நேரத்தில், அந்த முகத்தை அவர் நம்மிடம் நீட்டுகிறார். அதில் கொஞ்சம் குறும்பும் இருப்பதாகத்தான் எனக்குப் படுகிறது, பரிதாபம் இல்லை. (வீட்டில் மெத்தை போட்டு ஒருமுறை முயன்று பார்த்தேன். மூன்று நாள் இடுப்பு பிடித்துக்கொண்டது. மனைவி இன்னும் சொல்லிக்காட்டுகிறாள்.)

நீங்கள் பார்த்த படமும் அவர் ஓய்வு பெற்ற அதே 2003-இல் வந்ததுதான். எழுத்தில்கூட அவருக்கு 'மௌன சாமுராய்' என்றுதான் போட்டிருப்பார்கள், பாத்திரத்துக்குப் பேரே இல்லை. படம் முழுக்கப் பேசாதவர் கடைசிப் போரில் டாம் குரூஸின் பாத்திரத்தைப் பேர் சொல்லி 'ஆல்க்ரென்-சான்!' என்று ஒரே ஒரு தடவை கத்திவிட்டுக் குறுக்கே பாய்ந்து குண்டை வாங்கிக்கொள்கிறார். ஹாலிவுட்டுக்குப் போயும் செத்துத்தான் வந்தார். ஆனால் இந்தத் தடவை தானே முடிவெடுத்துச் சாகிறார். அது சின்ன வித்தியாசம் இல்லை.

அப்புறம் 2014-இல் 'உசுமாசா லைம்லைட்'. 71 வயதில் முதல் தடவையாகக் கதாநாயகன், அதுவும் வெட்டுப்படும் கிழட்டு நடிகராகவே. பல வருஷம் ஓடிய சரித்திரத் தொடரை டிவிக்காரர்கள் நிறுத்திவிட, அவருக்கு வேலை போகிறது, ஓர் இளம்பெண்ணுக்குக் கத்தி பிடிக்கச் சொல்லித்தருகிறார். 1969-லிருந்து டிவியில் ஓடிய 'மிதோ கோமோன்' என்ற சரித்திரத் தொடர் 2011-இல் நின்றுபோனதைப் பார்த்தவர்களுக்கு அது வெறும் கதையாகத் தோன்றியிருக்காது. மான்ட்ரியலில் நடக்கும் ஃபான்டேஷியா விழாவில் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். படம் எனக்கு முழுசாகப் பிடிக்கவில்லை, இசை தேவைக்கு மேல் அழுகிறது. ஆனால் அவர் சும்மா உட்கார்ந்திருக்கும் இடங்கள் இருக்கின்றனவே, வசனம் பேசத் தெரியாத மனிதர் வசனம் பேசாமலே உட்கார்ந்திருப்பது, அதற்காகவே பார்க்கலாம். 2021 ஜனவரி முதல் தேதி நுரையீரல் புற்றுநோயில் போய்ச் சேர்ந்தார், 77 வயது.

'எங்கேயாவது யாராவது பார்த்துக்கொண்டிருப்பார்கள்' என்பது அவரோடு சேர்ந்து நிலைத்துவிட்ட வாசகம். ஜப்பானில் அதைச் சொல்லி இளைஞர்களைத் தட்டிக்கொடுக்கிறார்கள். எனக்கு அதில் கொஞ்சம் சந்தேகம் உண்டு. அவரை யாரோ பார்த்தார்கள், நல்லது. அதே பெரிய அறையில் அதே அளவுக்கு நன்றாகச் செத்த மற்றவர்களை யார் பார்த்தார்கள்? அவர்கள் பேர் எனக்கும் தெரியாது, உங்களுக்கும் தெரியாது. ஆகவே அந்த வாசகத்தை உங்களுக்கு ஆறுதலாக எடுத்து நீட்ட மாட்டேன்.

அதற்குப் பதிலாக, அடுத்த புத்தகம் உங்கள் கைக்கு வரும்போது, உள்பக்கத்தில் வடிவமைப்பு என்று போட்டு உங்கள் பேரைச் சேர்க்கச் சொல்லி வாய்விட்டுக் கேளுங்கள். ஒரு வரிதானே, தாள் செலவுகூடக் கிடையாது. உங்கள் கடிதத்தைப் படித்ததும் அலமாரியிலிருந்து என் புத்தகங்களை எடுத்துப் பார்த்தேன். பதினொன்றில் இரண்டில்தான் பக்கம் வடிவமைத்தவர் பேர் இருக்கிறது. மற்ற ஒன்பதில் யார் செய்தது என்று எனக்கே ஞாபகம் இல்லை. நாளைக்குப் பதிப்பாளருக்கு போன் போட்டுக் கேட்க வேண்டும்.