சொந்தப் படம் பாதியில் நிற்கும்போது வெளிவாய்ப்பை ஏற்கலாமா?
நண்பரோடு எழுதி, நீங்களே நடித்துத் தயாரிக்கும் படம் பணமின்றிப் பாதியில் நிற்கிறது. இப்போது பிறர் படத்தில் சிறு வேடம் ஏற்கலாமா என்று கேட்கிறீர்கள். தாராளமாக ஏற்றுக்கொள்ளுங்கள். அமெரிக்க நடிகர் ஜான் கசாவெட்டிஸ் 1960களில் பிறர் படங்களில் நடித்து வாங்கிய சம்பளத்தைத்தான் தன் படங்களில் போட்டார்.

ஆனால் வேடம் தருபவர்கள் உங்கள் தாடியை எடுக்கச் சொன்னால், உங்கள் சொந்தப் படத்தின் மீதிக் காட்சிகளில் தோற்றத்தின் தொடர்ச்சி போய்விடும். தேதிகளோடு தோற்றத்தையும் முன்கூட்டியே பேசிவிடுங்கள். நான் இதில் அடிபட்டவன். முகத்தை அருகில் காட்டும் காட்சியில் என் ஒட்டுத்தாடி பல்லிளித்தது.

அந்த நண்பரிடம் கதை உரிமையை எழுத்தில் வாங்கிவிட்டீர்களா? வாய்ப்பேச்சு போதாது. படத்தை வாங்க வருபவர்கள் அந்தத் தாளைக் கேட்பார்கள். அது இல்லாமல் முடிந்த படமும் பெட்டியிலேயே கிடக்கும்.