புகையில்லாத ஆபத்து: கேள்வி பதில்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் டிவி நிருபராகச் சுகாதாரச் செய்திகளை நெடுநாள் பார்த்தவள் நான். வந்த கேள்விகளில் சில:

ஃபீனிக்ஸிலிருந்து: அக்கா, 2021 ஜூலைக் கலவரத்தில் கார்னுபியா ரசாயனக் கிடங்கு எரிந்தபோது டிவி முழுக்க அந்தப் புகைதான். அதைவிட மோசமானதைப் பார்த்திருக்கிறீர்களா?

பார்த்திருக்கிறேன். அதற்குப் புகையும் இல்லை, நெருப்பும் இல்லை. 2017-18இல் சாப்பாட்டு வழியாகப் பரவிய லிஸ்டீரியா என்ற கிருமி. ஆயிரத்துக்கும் மேற்பட்டோருக்குத் தொற்றி, 200 பேருக்கு மேல் இறந்தார்கள். நோயாளிகளில் பத்துக்கு நாலு பேர் பச்சைக் குழந்தைகள். ஆனால் டிவியில் எதைக் காட்டுவது? கிருமி உடம்புக்குள் போய் 70 நாள் வரைகூட சும்மா இருக்கும். போன மாசம் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டால் யாருக்கு ஞாபகம் இருக்கும்? ஆஸ்பத்திரி வாசலையே திரும்பத் திரும்பக் காட்டிக்கொண்டிருந்தோம்.

2018 ஜனவரியில் சொவேட்டோ பாலர் காப்பகம் ஒன்றின் குழந்தைகள் வயிற்றுப்போக்கோடு பரக்வனாத் ஆஸ்பத்திரிக்கு வந்தார்கள். அங்கே ஒரு டாக்டருக்குச் சந்தேகம் தட்டியது. காப்பகத்து ஃப்ரிட்ஜில் இருந்த போலனியில், அதாவது அப்படியே வெட்டிச் சாப்பிடும் பதப்படுத்திய இறைச்சியில், கிருமி சிக்கியது. அந்த நூலைப் பிடித்துக்கொண்டே அதைத் தயாரித்த போலக்வானே தொழிற்சாலை வரை போய்விட்டார்கள். மார்ச் 4 அன்று அப்போதைய சுகாதார அமைச்சர் மோட்சோலெடி அறிவித்ததும் கடைகளில் போலனியை அள்ளி அகற்றினார்கள். எங்களுக்குப் படம் கிடைத்ததே அப்போதுதான், இறந்தவர்களில் பெரும்பாலானோர் போய்விட்ட பிறகு.

சாட்ஸ்வொர்த்திலிருந்து: மருமகள் மாசமாக இருக்கிறாள். ஃப்ரிட்ஜில் வைத்த போலனி கொடுக்கலாமா அம்மா?

அப்படியே கொடுக்காதீர்கள். லிஸ்டீரியா ஃப்ரிட்ஜ் குளிரிலும் பெருகும். ஆவி பறக்கச் சூடாக்கினால் செத்துப்போகும். சாண்ட்விச் ஆசை என்றால் நன்றாக வெந்த முட்டை வைத்துக் கொடுங்களேன்.

பீட்டர்மாரிட்ஸ்பர்க்கிலிருந்து: எய்ட்ஸுக்குப் பூண்டு, பீட்ரூட் என்று முந்தைய சுகாதார அமைச்சர் ஒருவரே சொன்ன காலத்தில் எப்படிச் செய்தி போட்டீர்கள்?

இந்தப் பக்கம் அமைச்சர், அந்தப் பக்கம் டாக்டர், ஆளுக்கு அரை நிமிஷம். அதுதான் நடுநிலை என்றார் எங்கள் செய்தி ஆசிரியர். எனக்கு அன்றைக்கே பிடிக்கவில்லை. தாயிடமிருந்து குழந்தைக்குத் தொற்றுவதை நெவிரபின் மருந்து குறைக்கும் என்பதற்கு ஆதாரம் இருந்தது, பீட்ரூட்டுக்கு இல்லை. அப்புறம் எதற்குச் சம நேரம்? 2002இல் அரசியல் சாசன நீதிமன்றமே அந்த மருந்தைக் கர்ப்பிணிகளுக்குக் கிடைக்கச் செய்யும்படி அரசுக்கு உத்தரவிட்டது. அதற்கப்புறம்தான் எங்கள் ஆசிரியருக்குக் கொஞ்சம் துணிச்சல் வந்தது.

மீண்டும் ஃபீனிக்ஸ்: 'இரண்டு மடங்கு ஆபத்து' என்று செய்தி வந்தால் பயப்படணுமா?

எத்தனையிலிருந்து எத்தனை என்று சொல்கிறார்களா பாருங்கள். லட்சத்தில் ஒருவர் இருவரானாலும் இரண்டு மடங்குதான், நூறில் இருபது நாற்பதானாலும் இரண்டு மடங்குதான். சொல்லாவிட்டால் சேனலை மாற்றுங்கள்.