மலையாளப் பாட்டுக்கெனத் திருவனந்தபுரத்தில் வந்த தரங்கிணி ஸ்டுடியோவின் கதை என்ன?

எழுபதுகள் வரை மலையாளப் படப் பாட்டு பெரும்பாலும் சென்னையில்தான் பதிவானது. பாடகர், வயலின்காரர், தபலாக்காரர் எல்லாரும் கோடம்பாக்கத்தைச் சுற்றியே இருந்தார்கள். 1980-ல் கே. ஜே. யேசுதாஸ் திருவனந்தபுரத்தில் தரங்கிணியைத் தொடங்கினார். ஸ்டுடியோவும் கேசட் நிறுவனமும் ஒன்றாக. ஒரு பாடகரே இதைச் செய்தது பெரிய துணிச்சல் என்பேன்.

படத்துக்காகக் காத்திராமல் ஓணப் பாட்டு, ஐயப்பன் பாட்டு என்று தனித் தொகுப்புகளே வந்தன. கேரள எல்லையை ஒட்டிய களியக்காவிளைக்கு இந்தப் பக்கம், தமிழ்நாட்டில் எங்கள் வீட்டிலும் கார்த்திகை பிறந்தால் அந்தக் கேசட்தான். நாடா சிக்கினால் பென்சிலைப் பல்சக்கரத்தில் நுழைத்து அப்பா மெதுவாகச் சுற்றுவார்.

1992-ல் தரங்கிணி சென்னைக்கே இடம் மாறியது.